மைக்கின் முன் நின்ற நாட்கள்

டோக்கியோவின் சிறு நாடகக் குழு ஒன்றில் நடித்துக்கொண்டிருந்த நான், 1998இல், என் 24ஆம் வயதில், பிங்க் படங்களுக்கு வந்தேன். பெரிய ஸ்டுடியோக்களுக்கு வெளியே, வயது வந்தோருக்காக, சுயேச்சைத் தயாரிப்பாளர்கள் 1962 முதல் எடுத்துவரும் ஏறத்தாழ ஒரு மணி நேரப் படங்களை ஜப்பானில் அப்படித்தான் அழைக்கிறோம். அப்போது சுமார் 30 லட்சம் யென்னில், மூன்று நான்கு நாட்களில் படப்பிடிப்பை முடித்தாக வேண்டியிருந்தது. 35 மி.மீ. பிலிம் விலை மிகுந்தது என்பதால், பலமுறை ஒத்திகை பார்த்துவிட்டு ஒரே டேக்கில் எடுப்போம். நெருக்கமான காட்சிகள் யாவும் நடிப்பே. கேமராவின் கோணம் முதல் கை எங்கே இருக்க வேண்டும் என்பது வரை முன்பே பேசிவைத்திருப்போம். அப்படிப் பேசாமலே கேமராவை ஓடவிட்ட ஓர் இயக்குநரிடம் மறுபடி நடிக்க மறுத்தேன். அதனால் ஓராண்டு வேலை குறைந்தது. ஆனாலும் அந்த முடிவு சரியென்றே இன்றும் நினைக்கிறேன்.

நான் நடித்த படங்களில் படப்பிடிப்பின்போது ஒலி பதிவு செய்யப்படவில்லை. படத்தொகுப்பு முடிந்தபின், எல்லா நடிகர்களும் டப்பிங் அறையில் கூடி, ஒரே நாளில் முழுப் படத்துக்கும் பேசி முடிப்போம். கம்பளிச் சட்டை அணிந்து, வசனத்தாளைக் கையில் பிடித்து, திரையில் என் உதட்டசைவையே பார்த்தபடி நின்ற அந்த நேரங்களில்தான் நடிப்பை நான் கற்றேன். ஒரு படத்தில், கணவனை நிரந்தரமாகப் பிரியும் பெண் வாசலில் நின்று 'போய் வருகிறேன்' என்கிறாள். படப்பிடிப்பில் கோபத்தோடு சொன்ன அந்தச் சொல்லை, மைக்கின் முன், கடைக்குப் புறப்படுகிறவளைப் போல மெல்லச் சொன்னேன். இயக்குநர் அதையே வைத்துக்கொண்டார்.

திரைக்கதைக்கு எழுத்தாளர் சூட்டிய பெயர் திரையரங்கை எட்டுவதில்லை. ஆட்களைக் கவரும் வேறொரு பெயரை விநியோக நிறுவனம் வைத்துவிடும். என் தாயால் அந்தப் பெயர்களை வாய்விட்டுப் படிக்க முடியவில்லை, படங்களையும் அவர் பார்க்கவில்லை.

பிங்க் படங்களில் தொடங்கிய இயக்குநர் யோஜிரோ தகிதாவின் படம் 2009இல் ஆஸ்கர் விருது பெற்றபோது, அவருடைய தொடக்க காலத்தைச் செய்திகள் பரிவோடு நினைவுகூர்ந்தன. நான் தேடிப் படித்தவற்றில், அந்தத் தொடக்க காலப் படங்களில் நடித்த பெண்களில் ஒருவரின் பெயர்கூட இல்லை. அவர்களுள் மூத்தவர்கள் இருவரோடு ஒரே மைக்கின் முன் நின்று நான் பேசியிருக்கிறேன்.