கெனாரிக்குள் ஒரு நாய்

கண் ஆபரேஷனுக்குப் பிறகு அப்பா காடி ஓட்டுவதில்லை. அவருடைய பழைய பெரோடுவா கெனாரி ரெண்டு மாதமாக வீட்டு வாசலில் ரம்புத்தான் மரத்தடியில் நிற்கிறது, மேலே சருகு. போன ஞாயிறு தங்கை மகன் பின்கதவில் இருந்த பேரை எழுத்துக் கூட்டிப் படித்துவிட்டு, "கெனாரின்னா என்ன தாத்தா?" என்றான். "குருவிடா" என்றார் அப்பா. அதே கம்பெனியின் மற்ற காடிகளில் கஞ்சில் சருகுமான், கெலிசா மீன், அந்த வரிசையில் இது மஞ்சள் குருவி. சரிதான். ஆனால் நான் சும்மா இருக்காமல் தேடிப் போனேன்.

குருவிக்குப் பேர் வந்தது ஆப்பிரிக்காவுக்கு மேற்கே கடலில், ஸ்பெயினுக்குச் சொந்தமான கேனரி தீவுகளிலிருந்து. தீவுக்கு எப்படி வந்தது? லத்தீனில் 'கானிஸ்' என்றால் நாய். அங்கே பெரிய பெரிய நாய்கள் இருந்ததால் அந்தப் பேர் என்று 1ஆம் நூற்றாண்டில் ரோமானியர் பிளினி எழுதி வைத்திருக்கிறார், இன்றைக்கும் தீவுகளின் சின்னத்தில் ரெண்டு நாய்கள் நிற்கின்றன. ஆக, நாய்த் தீவுக் குருவி! அந்தப் பளிச் மஞ்சள்கூட கூண்டில் வளர்த்துத் தேர்ந்தெடுத்து வந்த நிறம்தான், காட்டில் இருப்பது பச்சையும் பழுப்பும் கலந்து கொஞ்சம் மங்கலாகத்தான் இருக்கும். கேனரி தீவுப் பழங்கள் வந்து இறங்கிய லண்டன் துறைக்கு கேனரி வார்ஃப் என்று பேர், அது இருக்கும் இடமோ 'நாய்த் தீவு'. இது தற்செயல் என்கிறார்கள், எனக்கு நம்பவே மனசு வரவில்லை.

எங்கள் ஊரிலிருந்து கொஞ்ச தூரத்தில்தான் பத்து ஆராங். பேருக்கே மலாயில் நிலக்கரி என்றுதான் அர்த்தம், 1960 வரை அங்கே தோண்டினார்கள். நிலக்கரி என்றதும் இந்தக் குருவி ஞாபகம் வரக் காரணம் இங்கிலாந்துச் சுரங்கங்கள். சுரங்கத்தில் ஆளைக் கொல்லும் கார்பன் மோனாக்சைடு வாயுவுக்கு நிறமும் இல்லை, வாசனையும் இல்லை. சின்ன உடம்பு, வேகமான மூச்சு, அதனால் கூண்டில் கூடவே கொண்டுபோன குருவிதான் முதலில் சாயும், ஆட்கள் வெளியே ஓடிவிடலாம். 1890களில் ஹால்டேன் என்ற விஞ்ஞானி சொன்ன யோசனை. மயங்கிய குருவியைப் பிழைக்க வைக்க, ஆக்சிஜன் குப்பி மாட்டிய கூண்டுகூட இருந்தது. குருவிக்குப் பதில் மின்னணுக் கருவி போதும் என்று முடிவெடுத்ததே 1986இல்தான். சைபர்ஜெயாவில் வேலை செய்யும் மச்சான், புது சாஃப்ட்வேரை முதலில் கொஞ்சம் பேருக்கு மட்டும் விட்டுப் பார்ப்பதை 'கேனரி' என்கிறான். அந்தக் கொஞ்சம் பேரில் நாம் இருந்தால் நாம்தான் குருவி.

ஆனால் மலாயில் கெனாரி என்று ஒரு மரமும் உண்டு. நாய்க்கும் இதற்கும் சம்பந்தமே இல்லை, அது இந்தப் பக்கத்துச் சொந்த வார்த்தை. தாவரவியல்காரர்கள் அதை எடுத்துத்தான் 'கனேரியம்' என்று லத்தீன் ஆக்கினார்கள். சரவாக்கில் விற்கும் டாபாய் பழம் அந்த இனம்தான், நம்முடைய கருங்குங்கிலிய மரமும் அதே இனம்தான்.

எல்லாவற்றையும் சொல்லி முடித்தேன். "அப்ப தாத்தா காடி குருவியா, நாயா, மரமா?" என்றான் பையன்.

அப்பா வாசலைப் பார்த்தார். "ரெண்டு மாசமா நின்ன இடத்தவிட்டு அசையல. மரம்தான் லா."