ஓல்ட் ஸ்க்ரீமர் மலையில் லிலியன் ஸ்மித்

அட்லாண்டாவிலிருந்து வடக்கே இரண்டு மணி நேரம் காரில் போனால் கிளேட்டன் வரும். அமெரிக்காவின் ஜார்ஜியா மாநிலத்தில், மலைப்பகுதியில் இருக்கும் சிற்றூர். பலரும் வழியிலுள்ள டலூலா பள்ளத்தாக்கின் அருவிகளுக்காகத்தான் இந்தப் பக்கம் வருகிறார்கள். நாங்கள் அதை அவசரமாகப் பார்த்துவிட்டு, ஊரை ஒட்டிய ஓல்ட் ஸ்க்ரீமர் மலைக்குப் போனோம். நாவலாசிரியர் லிலியன் ஸ்மித் வாழ்ந்த மலை அது.

1925 முதல் 1948 வரை, வசதியான வெள்ளையர் வீட்டுப் பெண்பிள்ளைகளுக்கு இங்கே கோடை முகாம் நடத்தினார். நாடகம், இசையோடு, அவர்கள் வீட்டில் யாரும் வாய் திறக்காத நிறவெறியைப் பற்றியும் பேசவைத்தார். கறுப்பரும் வெள்ளையரும் ஒரே மேசையில் சாப்பிடவே கூடாதென்றிருந்த காலத்தில், இருவரையும் இந்த மலைக்கு அழைத்து விருந்து வைத்தார்.

சிறுவயதில் நடந்த ஒன்றை அவரே எழுதியிருக்கிறார். கறுப்பர் குடியிருப்பில் வெளுத்த நிறத்தில் ஒரு சிறுமியைப் பார்த்த ஊர்ப் பெண்கள், வெள்ளைக் குழந்தை என்று நினைத்து அவளைக் கொண்டுவந்து ஸ்மித் வீட்டில் விட்டார்கள். லிலியனும் அவளும் ஒரே அறையில் படுத்தார்கள், சேர்ந்தே விளையாடினார்கள். அப்புறம் அவள் கறுப்பினக் குழந்தை என்று தெரிந்ததும் திருப்பி அனுப்பிவிட்டார்கள். நேற்றுவரை கூடியது இன்றைக்கு மட்டும் ஏன் கூடாது என்று குடைந்த மகளுக்கு அம்மாவால் சரியாகப் பதில் சொல்ல முடியவில்லை. லிலியன் எழுதிய அத்தனைக்கும் வேர் இங்கேதான் என்று எனக்குப் படுகிறது. நிறப்பாகுபாடு வெள்ளைக் குழந்தையின் மனசையும் சிதைக்கிறது என்று சொந்த மக்களிடமே சொன்னவர் அவர்.

கறுப்புப் பெண்ணுக்கும் வெள்ளை ஆணுக்குமான காதலைச் சொன்ன அவருடைய 1944 நாவலை பாஸ்டனில் தடை செய்தார்கள். 1955இல் இரண்டு வெள்ளைச் சிறுவர்கள் வைத்த தீயில் கடிதங்களும் கையெழுத்துப் பிரதிகளும் சாம்பலாயின. ஓர் எழுத்தாளருக்கு இதைவிடப் பெரிய இழப்பு ஏது? அப்போதும் மலையை விட்டு அவர் போகவில்லை. 1966இல் புற்றுநோயால் இறந்தபின் இங்கேயே புதைத்தார்கள். முகாமின் பழைய கல் புகைபோக்கிக்குப் பக்கத்தில் கல்லறை இருக்கிறது. நான் அங்கே வெகுநேரம் நின்றேன்.

திரும்பும் வழியில் டிகால்ப் மாவட்டம். 1960 மே மாதம், சிகிச்சையில் இருந்த லிலியனை எமரி மருத்துவமனைக்குக் காரில் கொண்டுபோய்க்கொண்டிருந்தார் மார்ட்டின் லூதர் கிங். பக்கத்தில் வெள்ளைக்காரப் பெண் இருப்பதைப் பார்த்துப் போலீஸ் இங்கேதான் வண்டியை நிறுத்தியது. ஓட்டுநர் உரிமத்தைச் சாக்காக வைத்து வழக்குப் போட்டார்கள். அந்தப் பழைய வழக்கைக் காட்டித்தான் அக்டோபரில் கிங்குக்கு 4 மாதக் கடும் தண்டனை விதித்தார்கள்.