தலைவலியை மறைத்தேன், திரும்பி வந்தேன்: தொரோங் லா ஏறப் போகிறவர்களுக்கு

தொரோங் லா கணவாயை நான் கடந்தது இரண்டாவது முயற்சியில். முதல் முறை, கணவாய்க்கு ஒரு நாள் நடை பாக்கி இருந்தபோது கீழே இறக்கப்பட்டேன். இரண்டு தடவைக்கும் என் கால் பலத்தில் பெரிய வித்தியாசம் இல்லை. சொல்லப்போனால் முதல் தடவைதான் நன்றாக ஓடிப் பழகியிருந்தேன். பிறகு எதில் தவறினேன், எதை மாற்றிக்கொண்டேன் என்பதை அடுத்த சீசனில் போகிறவர்களுக்காக எழுதுகிறேன்.

நேபாளத்தில் அன்னபூர்ணா மலைத்தொடரைச் சுற்றி வரும் நடைபாதையின் மிக உயரமான இடம் தொரோங் லா. 5,416 மீட்டர். கிழக்கே மனாங், மேற்கே முஸ்தாங். மேற்கில் இறங்கினால் முக்திநாத், 108 திவ்ய தேசங்களில் ஒன்று. யாத்திரை போகிறவர்கள் பொதுவாகப் போக்ராவிலிருந்து ஜோம்சோம் வழியாக வண்டியில் வருவார்கள். நாம் மலையின் பின்பக்கமாக ஏறி, கணவாயைத் தாண்டி அங்கே போய்ச் சேருகிறோம்.

முதல் தடவை எனக்குக் கிடைத்தது பத்தே நாள் விடுமுறை. நடையைக் குறைக்க ஜீப்பில் போகும் திட்டத்தைத் தேர்ந்தெடுத்தேன். பேசிசஹரிலிருந்து மனாங் வரைக்கும் இப்போது மண் சாலை இருக்கிறது. 760 மீட்டரில் வண்டி ஏறி, வழியில் ஒரு ராத்திரி தங்கி, மறுநாள் மாலை 3,540 மீட்டரில் மனாங்கில் இறங்கினேன். நடந்து போனால் பல நாள் ஆகும் உயரம் அது. அத்தனை நாளும் மிச்சம் என்று சந்தோஷப்பட்டேன்.

மனாங்கில் ஒரே ஒரு இரவு. அடுத்த நாள் யாக் கர்கா, சுமார் 4,050 மீட்டர். அங்கே ராத்திரி நெற்றியில் ஆரம்பித்த வலி காலையிலும் போகவில்லை. எங்கள் வழிகாட்டி தினமும் காலையில் ஒவ்வொருவரிடமும் ஒரே கேள்வி கேட்பார்: "டவுக்கோ துக்யோ?" தலை வலிக்கிறதா என்று அர்த்தம். நான் இல்லை என்றேன். யாரும் பார்க்காதபோது ஒரு பாராசிட்டமால் போட்டுக்கொண்டேன். குழுவில் ஐந்து பேர். என் ஒருவனால் மற்ற நாலு பேருக்கும் ஒரு நாள் போய்விடக் கூடாது என்று நினைத்தேன். அப்போது அது நல்ல குணம் மாதிரித் தெரிந்தது.

மத்தியானம் தொரோங் பேதி போய்ச் சேர்ந்தோம், சுமார் 4,500 மீட்டர். சூப் வைத்தார்கள், வாசனையே பிடிக்கவில்லை. எழுந்து வெளியே போகும்போது கதவு நிலையில் தோள் இடித்தது. வழிகாட்டி பார்த்துவிட்டார். முற்றத்துக்குக் கூட்டிப்போய், ஒரு காலின் குதிகாலை மறு காலின் விரல் நுனியோடு ஒட்டி வைத்து நேர்கோட்டில் பத்தடி நடக்கச் சொன்னார். நாலாவது அடியிலேயே பக்கவாட்டில் சாய்ந்தேன். அவர் என்னோடு வாதாடவே இல்லை. என் பையை எடுத்துத் தன் தோளில் மாட்டிக்கொண்டார், ஒரு குதிரைக்கு ஏற்பாடு செய்தார். மற்றவர்களை உதவி வழிகாட்டியிடம் விட்டுவிட்டு, இருட்டுவதற்குள் என்னை யாக் கர்காவுக்கு இறக்கினார். மறுநாள் மனாங். ஆச்சரியம் என்னவென்றால், இறங்க இறங்க வலி தானாகவே விட்டுப் போனது.

மனாங்கில் ஹிமாலயன் ரெஸ்க்யூ அசோசியேஷன் நடத்தும் சிகிச்சை மையம் இருக்கிறது. சீசனில் மருத்துவர்கள் இருப்பார்கள், மத்தியான வேளையில் மலை நோயைப் பற்றி, அதாவது உயரத்துக்கு உடம்பு பழகாததால் வரும் கோளாறைப் பற்றி, வகுப்பும் எடுப்பார்கள். ஏறும்போது அந்த வகுப்புக்குப் போகாமல் அறையில் தூங்கினேன். இறங்கி வந்தபிறகு முன் வரிசையில் உட்கார்ந்து கேட்டேன். நீங்கள் ஏறும்போதே கேளுங்கள். இந்தப் பாதையில் நான் செலவழித்த நேரத்தில் அதிகப் பயன் தந்தது அதுதான்.

அங்கே கற்றதைச் சுருக்கமாகச் சொல்கிறேன். உயரத்தில் காற்றில் ஆக்ஸிஜனின் பங்கு குறைவதில்லை, அதே 21 சதவீதம்தான். காற்றழுத்தம் குறைகிறது. கணவாயின் உயரத்தில் அழுத்தம் கடல் மட்டத்தில் இருப்பதில் பாதி அளவுதான், அதனால் ஒவ்வொரு மூச்சிலும் பாதிதான் கிடைக்கிறது. உடம்பு இதற்குப் பழகும், ஆனால் அதற்கு நாட்கள் வேண்டும். 3,000 மீட்டருக்கு மேலே, தூங்கும் உயரம் ஒரு நாளைக்கு 500 மீட்டருக்கு மேல் கூடக் கூடாது. மூன்று நாலு நாளுக்கு ஒருமுறை அதே உயரத்தில் இன்னொரு இரவு தங்க வேண்டும். பகலில் எவ்வளவு மேலே போனாலும் தூங்கக் கீழே வந்துவிட்டால் நல்லதுதான்.

மலை நோயை அளக்க லேக் லூயிஸ் என்ற மதிப்பெண் முறை இருக்கிறது. தலைவலி, வயிற்றுக் கோளாறு, சோர்வு, தலைசுற்றல் என்று நாலு கேள்வி. ஒவ்வொன்றுக்கும் 0 முதல் 3 வரை. தலைவலி இருந்து மொத்தம் 3 வந்தாலே மலை நோய் என்று எடுத்துக்கொள்ள வேண்டும், மேலே ஏறக் கூடாது. யாக் கர்காவில் நான் உண்மையாகப் போட்டிருந்தால் 5 வந்திருக்கும். அப்புறம் அந்த நேர்கோட்டு நடை. அதில் தள்ளாடினால் மூளையில் நீர்கோத்து வீங்கத் தொடங்கிவிட்டது என்று சந்தேகப்பட வேண்டும், உடனே இறங்க வேண்டும். சும்மா உட்கார்ந்திருக்கும்போதே மூச்சு வாங்கினால் அது நுரையீரலில் நீர். அதற்கும் இறக்கம்தான் முதல் மருந்து. காலை வரை பார்ப்போம் என்று காத்திருக்கக் கூடாது.

பாராசிட்டமால் போட்டது தப்பில்லை என்றார் மருத்துவர், போட்டதைச் சொல்லாததுதான் தப்பு. வலி அடங்கியதால் எனக்கே என் நிலைமை தெரியாமல் போய்விட்டது. அசிட்டசோலமைடு மாத்திரை வேறு வகை. அது உடம்பு பழகுவதை வேகப்படுத்துகிறது. தடுப்புக்கு வழக்கமான அளவு 125 மில்லிகிராம், இரண்டு வேளை. சல்ஃபா வகை மருந்துகளுக்கு ஒவ்வாமை உள்ளவர்கள் கட்டாயம் மருத்துவரிடம் கேட்ட பிறகே எடுக்க வேண்டும். விரல் நுனி மரத்துப்போகும், அடிக்கடி சிறுநீர் வரும், பயப்பட வேண்டாம்.

இரண்டாவது தடவை அதே வழிகாட்டியைத்தான் கூப்பிட்டேன். அவரைத் 'தாய்' என்று அழைப்பேன். நேபாளியில் அண்ணனுக்கு அந்தச் சொல். முதல் பயணத்தில் வாய் கூசியது. குதிரையில் என்னைப் பிடித்துக்கொண்டே அவர் நடந்து வந்த அந்த மாலைக்குப் பிறகு கூசவில்லை.

இந்த முறை ஜீப் சாமே வரைக்கும் மட்டும், 2,670 மீட்டர். அங்கிருந்து நடை. மேல் பிசாங்கில் ஒரு இரவு, நாவல் என்ற ஊரில் ஒரு இரவு. கீழ்ப்பாதை சுலபம், ஆனாலும் மேல் பிசாங்கிலிருந்து க்யாரு ஏறும் பாதையையே எடுங்கள். செங்குத்துதான், ஆனால் 3,600 மீட்டருக்கு மேலே ஏறி, அந்த உயரத்தில் தூங்கி, அப்புறம் அதைவிடக் கொஞ்சம் தாழ்வான மனாங்குக்கு இறங்குகிறோம். எதிரே அன்னபூர்ணா இரண்டாம் சிகரம் நாள் முழுக்க கூடவே வரும். மனாங்கில் இரண்டு இரவு. நடுவில் இருந்த நாளில் பிராக்கன் கோம்பா என்ற பௌத்த மடம் வரை ஏறிவிட்டு இறங்கினோம். அடுத்து யாக் கர்கா, தொரோங் பேதி, கணவாய். தொரோங் பேதிக்கு மேலே சுமார் 4,900 மீட்டரில் ஹை கேம்ப் இருக்கிறது. அங்கே தங்கினால் கடைசி நாள் ஏற்றம் குறையும் என்பார்கள். என் கருத்து, தொரோங் பேதியிலேயே தங்குங்கள். ஒரு மணி நேரம் முன்னதாக எழுந்தாலும் பரவாயில்லை, குறைந்த உயரத்தில் தூங்குவதே மேல்.

கூடுதலாக இரண்டு நாள் கையிருப்பு வையுங்கள். இதை உடம்புக்காக மட்டும் சொல்லவில்லை. 2014 அக்டோபரில் வங்கக் கடலில் உருவான ஹுட்ஹுட் புயல் விசாகப்பட்டினத்தில் கரையேறி, இரண்டே நாளில் அதன் மிச்சம் இந்தக் கணவாயில் பெரும் பனிப்புயலாக வந்தது. அந்தப் பகுதியில் 40 பேருக்கு மேல் இறந்தார்கள். அக்டோபர் நல்ல சீசன் என்பது உண்மை, ஆனால் நல்ல சீசனிலும் கணவாய் மூடும். கையில் ஒரு நாள் மிச்சம் இருக்கிறவர் தொரோங் பேதியில் உட்கார்ந்து காத்திருக்கலாம். திரும்பும் டிக்கெட்டை நெருக்கிப் போட்டவரால் அது முடியாது.

பயிற்சியைப் பற்றி அதிகம் கேட்கிறார்கள். எட்டு வாரம், வாரத்தில் நாலு நாள், ஏழெட்டு கிலோ பையோடு மாடிப்படி ஏறி இறங்கினேன். ஏறுவதைவிட இறங்குவதில் கவனம் வைத்தேன், ஏனென்றால் கணவாயிலிருந்து முக்திநாத்துக்கு ஒரே நாளில் 1,600 மீட்டர் இறக்கம். உடல்வலு மூச்சிரைப்பைக் குறைக்கும், மலை நோயைத் தடுக்காது. என் முதல் குழுவில் கடைசியாக நடந்து வந்தவர் ஒரு தொந்தரவும் இல்லாமல் கணவாயைத் தாண்டினார்.

செலவு, காகிதங்கள்: அன்னபூர்ணா பாதுகாப்புப் பகுதி அனுமதி இந்தியா போன்ற சார்க் நாட்டவருக்கு 1,000 நேபாள ரூபாய், மற்ற வெளிநாட்டவருக்கு 3,000. வழிகாட்டி கட்டாயம் என்று நேபாள சுற்றுலா வாரியம் 2023 ஏப்ரலில் கொண்டுவந்தது. கட்டாயம் இல்லாவிட்டாலும் நான் வழிகாட்டி இல்லாமல் போக மாட்டேன். மனாங் பக்கம் ஏடிஎம்மை நம்ப முடியாது, முழுப் பணத்தையும் கையில் கொண்டுபோங்கள். காப்பீட்டில் ஹெலிகாப்டர் மீட்பு 6,000 மீட்டர் வரை உண்டா என்று பாருங்கள். பல காப்பீடுகள் அதற்குக் கீழேயே நின்றுவிடுகின்றன.

கணவாய் நாளன்று காலை நாலு மணிக்குக் கிளம்பினோம். பத்து மணிக்கு மேலே காற்று பலமாகிவிடும், அதற்குள் தாண்டிவிட வேண்டும். தண்ணீர் பாட்டிலைத் தலைகீழாக வையுங்கள், மேல்பக்கம்தான் முதலில் உறையும், அப்போது வாய்ப்பக்கம் திறந்திருக்கும். உறிஞ்சு குழாய் வைத்த பை அன்றைக்கு உதவாது, குழாய் உறைந்துவிடும். ஹெட்லேம்ப் பேட்டரியையும் போனையும் ராத்திரி தூங்கும் பைக்குள் வைத்துக்கொள்ளுங்கள். பனி கெட்டியாக இருந்ததால், வழுக்காமல் இருக்கக் காலணியின் மேல் மாட்டும் முள்பட்டையான மைக்ரோஸ்பைக் மாட்டினோம். வழிகாட்டியின் வேகத்தில்தான் நடந்தேன்: ஒரு அடி, ஒரு மூச்சு. பேசுவதற்கு மூச்சு மிஞ்சாத வேகம் தப்பான வேகம். இது கணவாய், அது கணவாய் என்று நினைத்த மேடுகளெல்லாம் கணவாயாக இல்லை. கணவாயில் கட்டியிருக்கும் மந்திரக்கொடிகள் தெரிந்தபோது மணி ஒன்பது.

மேலே ஹை கேம்ப்பைத் தாண்டி ஒரு இடத்தில் அவர் நின்று திரும்பி அதே கேள்வியைக் கேட்டார். டவுக்கோ துக்யோ?

"கொஞ்சம் இருக்கு தாய். வலது பொட்டில்."

கையுறையைக் கழற்றி என் முகத்தைத் தன் விளக்கு வெளிச்சத்தில் பார்த்தார். வாந்தி வருகிறதா, கண் மங்கலாகத் தெரிகிறதா என்று கேட்டார். பனியில் நேர்கோடு இழுத்து நடக்க வைத்தார். பத்தடியும் தள்ளாடாமல் நடந்தேன். வெந்நீர் கொடுத்துக் குடிக்கச் சொன்னார், பத்து நிமிடம் உட்கார வைத்தார், வலி கூடவில்லை என்று பார்த்த பிறகே மறுபடி முன்னால் நடக்கத் தொடங்கினார்.