ஃபியூஸ் போகாத ஷார்ட்

வீட்டு ஒயரிங்கில் ஷார்ட் ஆனால், ஒழுங்கான எம்சிபி (கரண்ட் அளவுக்கு மீறினால் தானாக லைனைக் கட் செய்யும் சுவிட்ச்) போட்ட வீடாக இருந்தால், நான் பெரிதாகக் கவலைப்படமாட்டேன். பேஸும் நியூட்ரலும் எங்கோ தொட்டுக்கொள்கின்றன, கரண்ட் மிக்ஸி, மோட்டார் எதற்குள்ளும் நுழையாமல் குறுக்கே திரும்பிவிடுகிறது, போய்வரும் ஒயரின் மொத்தத் தடை அரை ஓம் என்று வைத்துக்கொண்டால் 230 வோல்ட்டில் 460 ஆம்பியர் ஓடும். 16 ஆம்பியர் சி டைப் எம்சிபி என்றால் அதற்குள் இருக்கும் காந்தச் சுருள் 80 முதல் 160 ஆம்பியருக்குள்ளேயே இழுத்துவிடும், ஆகவே சத்தம் கேட்பதற்குள் லைன் கட். வீட்டில் எல்லோருக்கும் தெரிந்துவிடுகிறது, எலக்ட்ரீஷியனைக் கூப்பிடுகிறார்கள், வேலை முடிந்தது.

எனக்குப் பயம் தருவது ஃபீட்பேக் இருக்கிற சர்க்யூட்டில் ஆகும் ஷார்ட். அதில் ஓடுவது சில மில்லியாம்ப்தான். ஃபியூஸுக்கு எதுவும் தெரியாது, சில நேரம் மீட்டரில்கூட எல்லாம் சரியாகவே காட்டும். பவர் சப்ளை, ஆம்ப்ளிஃபயர் என்று பழுது பார்க்கிறவர்களுக்கு இது பழகிய விஷயம்தான், ஆனால் யோசிக்க யோசிக்க இது சால்டரிங் மேசையோடு முடிகிற விஷயமாக எனக்குத் தெரியவில்லை.

முதலில் ஃபீட்பேக். கல்யாண மண்டபத்து மைக் செட் திடீரென்று ‘கூ’ என்று கத்துகிறதே, அது எல்லோருக்கும் தெரிந்த ஃபீட்பேக். ஸ்பீக்கர் பாக்ஸில் வரும் சத்தம் மறுபடி மைக்குக்குள் போகிறது, ஆம்ப்ளிஃபயர் அதைப் பெருக்கி மறுபடி பாக்ஸுக்கு அனுப்புகிறது, ஒரு சுற்று முடிந்து வரும்போது ஏதோ ஒரு சுருதியில் போனதைவிடப் பெரிதாக, அலையின் ஏற்ற இறக்கமும் (கட்டம் என்பார்கள்) ஒத்து வந்துவிட்டால் போதும், அடுத்த சுற்றில் இன்னும் பெரிது, அதற்கடுத்ததில் இன்னும் பெரிது, ஆம்ப்ளிஃபயர் இனி முடியாது என்கிற இடத்தில்தான் நிற்கும். மைக்கை பாக்ஸுக்குப் பின்னால் வைப்பது, கத்துகிற அந்த அலைவரிசையை மட்டும் ஈக்குவலைசரில் குறைப்பது, பேசாதவர்களின் மைக்கை மூடி வைப்பது எல்லாம் அந்தச் சுற்றைப் பலவீனமாக்கும் வழிகள். ஒரு மைக்குக்குப் பதில் நான்கு மைக்கைத் திறந்து வைத்தால் கத்தாமல் கூட்டக்கூடிய சத்தத்தில் 6 டெசிபல் போய்விடுகிறது, இதை மேடையில் வரிசையாக மைக் வைக்கச் சொல்கிறவர்கள் கொஞ்சம் யோசிக்கலாம். அப்புறம் பாடுகிறவர்கள் மைக்கின் தலையைக் கையால் பொத்திப் பிடிப்பது. முன்பக்கச் சத்தத்தை மட்டும் வாங்குவதற்காகச் செய்த மைக் அது, பொத்தினால் எல்லாப் பக்கமும் வாங்க ஆரம்பித்துவிடும்.

வெளியே போவதில் ஒரு பங்கை எடுத்துத் தலைகீழாக உள்ளே திருப்பினால் என்ன ஆகும் என்று யோசித்தவர் அமெரிக்க டெலிபோன் ஆராய்ச்சிக்கூடமான பெல் லேப்ஸின் பொறியாளர் ஹரால்ட் பிளாக். 1927 ஆகஸ்ட் 2 காலை, வேலைக்குப் போக ஹட்சன் ஆற்றைப் படகில் கடக்கும்போது அந்த யோசனை வந்து, கையில் இருந்த நியூயார்க் டைம்ஸ் பக்கத்திலேயே எழுதிவைத்தார். தொலைதூர டெலிபோன் லைனில் ஒன்றன்பின் ஒன்றாகப் பல ஆம்ப்ளிஃபயர்கள் வேண்டும், ஒவ்வொன்றும் குரலைக் கொஞ்சம் கெடுக்கும், கடைசியில் எல்லாம் சேர்ந்து பேச்சே புரியாது. பிளாக் செய்தது, தேவையைவிடப் பல மடங்கு பெருக்கும் ஆம்ப்ளிஃபயரைக் கட்டி, வெளியே வருவதை உள்ளே போனதோடு ஒப்பிட்டு, தப்பை மட்டும் கழித்துக்கொண்டே இருக்க வைத்தது. பெருக்கத்தை வேண்டுமென்றே இழந்து துல்லியத்தை வாங்கிக்கொள்கிற இந்த யோசனை அன்றைக்கு அவ்வளவு விசித்திரமாகப் பட்டது. 1928-ல் விண்ணப்பித்த காப்புரிமை 1937-ல்தான் கிடைத்தது. சுற்று எப்போது அடங்கும், எப்போது கத்த ஆரம்பிக்கும் என்பதற்கான கணக்கை அதே பெல் லேப்ஸின் ஹாரி நைக்விஸ்ட் 1932-ல் கொடுத்தார். தப்பைக் கழிக்கும் சுற்றே தாமதம் கூடினால் தப்பைக் கூட்டும் சுற்றாக மாறிவிடும் என்பது அந்தக் கணக்கில் இருந்து வரும் முக்கியமான விஷயம்.

741 ஆப்-ஆம்ப், அதாவது இரண்டு பின்களுக்கு இடையே உள்ள வோல்ட்டேஜ் வித்தியாசத்தைப் பெருக்கும் ஐசி, பாலிடெக்னிக்கில் படித்தவர்கள்கூடத் தொட்டிருப்பார்கள். 1968-ல் வந்தது, அதன் பெருக்கம் சுமார் 2 லட்சம். வெளியே 10 வோல்ட் வர உள்ளே இரண்டு பின்களுக்கு இடையே 50 மைக்ரோவோல்ட் வித்தியாசம் போதும், அதனால் ஃபீட்பேக் போட்டவுடன் இரண்டு பின்னும் ஒரே வோல்ட்டேஜில் வந்து நிற்கும், ஒயர் வைத்து ஷார்ட் செய்த மாதிரி. ஒயரும் இல்லை, சொல்லும்படியான கரண்டும் ஓடவில்லை. பாடத்தில் இதை விர்ச்சுவல் ஷார்ட் என்பார்கள். எனக்கு எலக்ட்ரானிக்ஸில் மிகப் பிடித்த இடம் இதுதான், சுற்று முழுதாக, நேர்மையாக வேலை செய்யும்போது மட்டுமே கிடைக்கிற சமநிலை அது.

அந்த நேர்மை கெடுகிற விதங்கள் இரண்டு.

ஒன்று. எல்எம்2596 என்ற வோல்ட்டேஜைக் குறைக்கும் ஐசி போட்ட சின்ன நீல நிற மாட்யூல் கடைகளில் கிடைக்கும், 12 வோல்ட்டை 5 வோல்ட்டாக்க எல்லோரும் வாங்குவது. உள்ளே நடப்பது எளிது: வெளியே வரும் வோல்ட்டேஜை இரண்டு ரெசிஸ்டர் போட்டுப் பிரித்து ஃபீட்பேக் பின்னுக்குக் கொடுக்கிறார்கள், ஐசி அந்தப் பின்னில் 1.23 வோல்ட் வரும்வரை தள்ளும், வந்ததும் நிறுத்திக்கொள்ளும். மேல் ரெசிஸ்டர் ஷார்ட் ஆனால் வெளியே 1.23 வோல்ட்தான் வரும், ஒன்றும் எரியாது. கீழ் ரெசிஸ்டரின் இரண்டு முனைக்கு நடுவே ஒரு துளி ஈயம் ஒட்டிக்கொண்டால் கதை வேறு. ஃபீட்பேக் பின்னில் எப்போதும் பூஜ்யம், ‘இன்னும் வோல்ட்டேஜ் வரவில்லை’ என்றே ஐசி நினைக்கும், தள்ளு தள்ளு என்று தள்ளி, உள்ளே வருகிற 12 வோல்ட்டில் கிட்டத்தட்ட முழுவதையும் வெளியே கொட்டிவிடும். மேல் ரெசிஸ்டர் 3 கிலோ ஓம் என்றால் அந்த ஷார்ட் வழியே ஓடுவது 4 மில்லியாம்ப்புக்கும் குறைவு. எந்த ஃபியூஸ் இதற்குப் போகும்? 5 வோல்ட்டில் ஓடவேண்டிய போர்டு புகைந்த பிறகுதான் தெரியவரும்.

இதற்குப் பழைய பவர் சப்ளைகளில் குரோபார் என்று ஒரு பாதுகாப்பு வைத்திருப்பார்கள். வெளியே 5 வோல்ட் வர வேண்டிய இடத்தில் ஆறைத் தாண்டினால் ஒரு ஸீனர் டையோடு (குறிப்பிட்ட வோல்ட்டேஜைத் தாண்டினால் கரண்டை விடுவது) ஒரு எஸ்சிஆரை (ஒருமுறை தட்டினால் திறந்தே நிற்கும் எலக்ட்ரானிக் சுவிட்ச்) தட்டிவிடும், எஸ்சிஆர் அவுட்புட்டை அப்படியே கிரவுண்டோடு ஷார்ட் செய்துவிடும், வோல்ட்டேஜைக் கட்டுப்படுத்த வேண்டிய 2என்3055 டிரான்சிஸ்டர் உள்ளே ஒட்டிப்போய் முழு வோல்ட்டேஜையும் விட்டுக்கொண்டிருந்தாலும் ஃபியூஸ் போய் எல்லாம் நின்றுவிடும். சத்தமில்லாத ஷார்ட்டைச் சத்தமுள்ள ஷார்ட்டாக மாற்றுகிற வேலை இது. இதைக் கட்டியவர்களின் அறிவை நினைத்து நான் ஒவ்வொரு முறையும் வியந்துபோகிறேன். இதில் கவனிக்க வேண்டியது, குரோபார் அந்த ஃபீட்பேக் பின்னை நம்புவதில்லை, தனக்கென்று தனியாக அவுட்புட்டைப் பார்க்கிறது.

போயிங் 737 மேக்ஸில் இல்லாமல்போனது இதுதான். அதில் எம்காஸ் என்ற மென்பொருள், விமானத்தின் மூக்கு காற்றோட்டத்துக்கு எதிரே அளவுக்கு மேல் தூக்கியிருப்பதாகத் தெரிந்தால் தானாகக் கீழே தள்ளும். அந்தக் கோணத்தை அளக்க விமானத்தில் இரண்டு சென்சார்கள் இருந்தன, எம்காஸ் ஒன்றை மட்டும் பார்த்தது. 2018 அக்டோபர் 29-ல் இந்தோனேசியாவில் லயன் ஏர் விமானத்தின் இடப்பக்க சென்சார் வலப்பக்கத்தைவிட 21 டிகிரி கூடுதலாகக் காட்டியது. எம்காஸ் தள்ளியது, விமானிகள் தூக்கினார்கள், மறுபடி தள்ளியது, மறுபடி தூக்கினார்கள். 189 பேர் போனார்கள். 2019 மார்ச் 10-ல் எத்தியோப்பியாவில் அதே மாதிரி இன்னும் 157 பேர். கீழ் ரெசிஸ்டர் ஷார்ட் ஆன மாட்யூலுக்கும் இதற்கும் வேலை செய்யும் விதத்தில் வித்தியாசமே இல்லை: சுற்று சொன்னபடி சரியாக வேலை செய்கிறது, அதற்குக் கிடைக்கும் தகவல்தான் பொய். பிறகு திருத்தியபோது இரண்டு சென்சாரையும் ஒப்பிட்டு, 5.5 டிகிரிக்கு மேல் வேறுபட்டால் எம்காஸ் தலையிடவே கூடாது என்று மாற்றினார்கள். ஒரு ஒப்பீடு. 346 பேருக்குப் பிறகு வந்தது. இதைப் படிக்கும்போதெல்லாம் எனக்குக் கோபம்தான் வருகிறது.

இரண்டாவது விதம் இன்னும் அமைதியானது. தகவல் பொய்யாகி, எல்லாம் நன்றாக இருக்கிறது என்று சொல்வது. லேப் பவர் சப்ளைகளில் பின்பக்கம் சென்ஸ் என்று தனியாக இரண்டு டெர்மினல் இருக்கும், அங்கிருந்து மெல்லிய ஒயர் இழுத்து லோடுக்கு, அதாவது கரண்டை வாங்கும் கருவிக்குப் பக்கத்தில் கட்ட வேண்டும், அப்போதுதான் போகிற வழியில் ஒயர் தின்னும் வோல்ட்டேஜையும் சேர்த்து சப்ளை கொடுக்கும். பலர் அதைக் கட்டுவதில்லை, சப்ளையின் டெர்மினலிலேயே பட்டையைப் போட்டு இணைத்துவிடுகிறார்கள். டிஸ்ப்ளேயில் 5.00 என்று அழகாக நிற்கும். ஒயரின் மறுமுனையில் ராஸ்பெரி பை என்ற சின்ன கம்ப்யூட்டர் போர்டு 4.63 வோல்ட்டுக்குக் கீழே போய் வோல்ட்டேஜ் போதவில்லை என்று எச்சரித்துக்கொண்டிருக்கும். சப்ளைக்கு அது தெரியாது. தன் வாசலில் அளந்தால் சரியாக இருக்கிறது, அதற்கு மேல் அது எதற்குக் கவலைப்பட வேண்டும்?

மனிதர்கள் நடத்தும் அமைப்புகளில் நான் பார்ப்பது பெரும்பாலும் இந்த இரண்டாவது வகை. 1902-ல், அப்போது பிரெஞ்சு ஆட்சியில் இருந்த வியட்நாமின் ஹனோயில், பிளேக் பயத்தில் பிரெஞ்சு அரசு எலி பிடிப்பவர்களுக்குக் காசு கொடுக்க ஆரம்பித்தது, செத்த எலிகளை எண்ணிக்கொண்டிருக்க முடியாது என்று வால் கொண்டுவந்தால் போதும் என்றார்கள். கொஞ்ச நாளில் வால் இல்லாத எலிகள் ஊருக்குள் ஓட ஆரம்பித்தன, வாலை வெட்டிவிட்டு எலியை விட்டுவிட்டால் அது குட்டி போடும், இன்னும் வால் கிடைக்கும். ஊருக்கு வெளியே எலி வளர்க்கவே ஆரம்பித்தார்கள். அலுவலகத்தில் வால் கணக்கு ஏறிக்கொண்டே இருந்தது, எலி குறைந்ததா என்று பார்க்கும் ஒயர் எங்கும் கட்டப்படவில்லை.

நம் ஊரில் நான் நெருக்கமாகப் பார்த்தது பள்ளிக்கூடம். பொறியியல் சீட்டுக்குப் பன்னிரண்டாம் வகுப்பு மதிப்பெண்தான் கணக்கு என்று ஆன பிறகு, பல தனியார் பள்ளிகள் பதினோராம் வகுப்புப் பாடத்தைத் தொடாமலே விட்டுவிட்டு, இரண்டு வருடமும் பன்னிரண்டாம் வகுப்புப் புத்தகத்தையே உருப்போட வைத்தன. வெக்டரும் முக்கோணவியலும் முறையாக வர வேண்டிய வருடம் அது. ஏசி சர்க்யூட்டைச் சொல்லிக்கொடுக்க உட்கார்ந்தால், கணக்கில் இருநூறுக்குப் பக்கத்தில் வாங்கிய பிள்ளைகள் சைன் அலையின் கட்டத்தைப் பார்த்து முழிப்பார்கள். அவர்கள் மேல் ஒரு தப்பும் இல்லை, நன்றாகப் புரிந்துகொள்ளும் மூளைதான், யாரோ அவர்களுக்கு வர வேண்டியதைக் குறுக்கே திருப்பிவிட்டார்கள். 2017-18-ல் அரசு பதினோராம் வகுப்புக்கும் பொதுத்தேர்வு கொண்டுவந்ததற்கு இது முக்கியமான காரணம். 2025-ல் வந்த மாநிலக் கல்விக் கொள்கை அந்தத் தேர்வை எடுத்துவிட்டது, பிள்ளைகளுக்கு அழுத்தம் குறையும் என்கிறார்கள். குறையட்டும். ஆனால் அந்த வருடம் பாடம் நடக்கிறதா என்று பார்க்க வேறு ஏதாவது ஒயர் கட்ட வேண்டும் என்பது என் கருத்து, பட்டையைப் போட்டுவிட்டு டிஸ்ப்ளேயைப் பார்த்துக்கொண்டிருந்தால் பழையபடியே ஆகும்.

அப்படி ஒரு ஒயரை 2005-லிருந்து பிரதம் என்ற கல்வித் தொண்டு அமைப்பு கட்டி வைத்திருக்கிறது. அசர் என்று அந்தக் கணக்கெடுப்புக்குப் பெயர். தன்னார்வலர்கள் கிராமங்களில் வீட்டுக்கே போகிறார்கள், பிள்ளையை உட்கார வைத்து எழுத்து, சொல், சின்னப் பத்தி, இரண்டாம் வகுப்புப் புத்தக அளவில் ஒரு கதை என்று படிக்கச் சொல்கிறார்கள், கொஞ்சம் கழித்தலும் வகுத்தலும் போடச் சொல்கிறார்கள். பள்ளியின் பதிவேட்டை அவர்கள் பார்ப்பதில்லை, பிள்ளை வாசிப்பதைக் கேட்கிறார்கள். ஐந்தாம் வகுப்புப் பிள்ளைகளில் பெரும் பகுதியினர் இரண்டாம் வகுப்பு அளவிலான அந்தக் கதையைப் படிக்கத் திணறுகிறார்கள் என்று ஊருக்குத் தெரிந்ததே இப்படித்தான். முறையில் குறை சொல்கிறவர்கள் இருக்கிறார்கள், ஆனால் எங்கே அளக்க வேண்டுமோ அங்கே போய் அளக்கிறார்கள், இதை நான் மிகவும் மதிக்கிறேன். இந்த முடிவை வைத்து எந்த ஆசிரியருக்கும் சம்பளம் ஏறுவதும் இல்லை, குறைவதும் இல்லை, எந்தப் பிள்ளைக்கும் சீட் கிடைப்பதும் இல்லை. அதனால்தான் அந்தக் கதையை மட்டும் யாரும் உருப்போட வைக்காமல் இருக்கிறார்கள். அந்த எண்ணைப் பள்ளிகளின் மானியத்தோடு கட்டலாம் என்று யாராவது கிளம்பினால் தயவுசெய்து தடுத்து நிறுத்துங்கள்.