அஞ்சடி வெளிச்சம்: பினாங்கில் ஒளிப்பதிவுக் குறிப்புகள்

ஏப்ரல் 3, குயின் ஸ்திரீட்

இந்த வாரம் பகல் 1.20 வாக்கில் சூரியன் உச்சந்தலைக்கு நேர் மேலே. நடிகரை நடுத்தெருவில் நிறுத்தினால் கண்குழி இரண்டும் கறுத்துவிடும். மேலே பெரிய துணி கட்ட ஆளும் பணமும் இல்லாத சின்னப் படத்துக்கு, கடைகளின் முன்னால் கூரைக்குக் கீழே ஓடும் நடைபாதையான அஞ்சடிதான் ஸ்டூடியோ. கூரை விளிம்பிலிருந்து ஓரடி உள்ளே, தெருவைப் பார்த்து நிறுத்தினால், தார்ச்சாலையில் பட்டு எழும் வெளிச்சம் கண்ணுக்குள் விழும். கேமரா அஞ்சடி நெடுகப் பார்க்கட்டும். தெரு பின்புலமானால் வெளுத்துப்போகும். பக்கத்துச் சுவர் பச்சையா? கன்னத்திலும் பச்சை ஏறும். ஒரு பக்கம் மட்டும் ஏறுவதால், படம் முழுவதற்கும் நிறத்தைச் சரிசெய்யும் ஒயிட் பேலன்ஸால் தீராது. கறுப்புத் துணி தொங்கவிட்டு மறைப்பதே வழி.

ஏப்ரல் 4

கறுத்த முகத்தை வெளுக்க வைக்க எக்ஸ்போஷரை ஏற்றுவது பெருந்தப்பு. சட்டையும் வானமும் விவரமே தெரியாமல் வெளுத்து வெடித்துவிடும், முகமும் சாம்பல் பூத்துப்போகும். வெளிச்ச அளவைக் காட்டும் வேவ்ஃபார்ம் வரைபடத்தில் முகம் 40–45 சதவீதத்தில் இருந்தால் போதும்.

கறுத்த தோலில் வடிவம் தெரிவது பளபளப்பால்தான். அதில் பிரதிபலிக்க அகலமான வெள்ளைப் பரப்பு வேண்டும். நாலு முழ வேட்டியை இரண்டாய் மடித்து, பிவிசி குழாய்ச் சட்டத்தில் இழுத்துக் கட்டி, முகத்துக்குப் பக்கவாட்டில் மூன்றடியில் வைத்து, துணிக்குப் பின்னாலிருந்து விளக்கடிக்கலாம். கரையை உள்ளே மடிக்க மறந்தால் அதன் நிறம் தாடையில் கோடாய் விழும். நீலம் போட்டு வெளுத்தது வேண்டாம். வியர்வையை டிஷ்யூவால் ஒற்றினால் போதும், பவுடர் அப்பினால் பளபளப்பே செத்துவிடும்.

ஏப்ரல் 6, இரவு, சாப்பாட்டுக்கடை

இங்கே மின்சாரம் 50 ஹெர்ட்ஸ். விநாடிக்கு 24 ஃபிரேமில், ஷட்டர் திறப்பை 180 டிகிரி வைத்தால் வேகம் 1/48 விநாடி. பழைய டியூப்லைட் வெளிச்சம் மெல்ல அலையடிக்கும். 172.8 டிகிரி வைத்தால் சரியாக 1/50, அலை நின்றுவிடும். மலிவான எல்இடி பல்புக்கு இந்தக் கணக்கு சில சமயம் செல்லாது. ஒவ்வொன்றையும் பத்து விநாடி பதிவு செய்து, பின்சுவரைப் பெரிதாக்கிப் பார்க்க வேண்டும். துடித்தால் பல்பையே மாற்றுங்கள்.

ஏப்ரல் 7

ஏர்கான் அறையிலிருந்து லென்ஸை நேரே வெளியே எடுத்தால் பனி படியும். பெட்டியை மூடியபடியே முக்கால் மணி நேரம் முன்னதாக வெளியே வைக்கவும். கண்ணாடிகளுக்கு நடுவே படிந்ததைத் துடைக்க முடியாது.

ஏப்ரல் 8

ஏழரை வாக்கில் சூரியன் மறைகிறது. வானத்து நீலம் இருபது நிமிடம்கூட நிற்காது. வைட் ஷாட் முதலில். குளோசப்பைப் பிறகு விளக்கு வைத்து எடுக்கலாம். இருட்ட இருட்ட லென்ஸின் துவாரமான ஐரிஸைத் திறந்தால் பின்புல மங்கல் ஷாட்டுக்கு ஷாட் மாறும். வெளிச்சத்தைக் குறைக்கும் என்டி ஃபில்டரை 0.9 போட்டுத் தொடங்கி, 0.6, 0.3 என்று இறக்கிக்கொண்டே வரவும்.