43ஆம் கட்டம்

எங்கள் இரசாயனவியல் சேர் ஊரில் காலமானார் என்ற செய்தி கிடைத்த அதே வாரத்தில்தான் ரொறன்ரோ மருத்துவமனையொன்றில் எனக்கு எலும்பு ஸ்கான் எடுத்தார்கள். நாளத்தில் ஏற்றும் மருந்தில் தெக்னீசியம் இருக்கிறது என்று தாதி சொன்னார். அணுவெண் 43. அது எலும்பில் படியும்வரை காத்திருந்த மூன்று மணித்தியாலமும் நான் 1974இல், நம் ஆய்வுகூட வாங்கின்மேல்தான் நின்றுகொண்டிருந்தேன்.

ஐதரசன் முதல் யுரேனியம் வரையான 92 மூலகங்களும் இயற்கையானவை, அதற்கு அப்பாற்பட்டவையே மனிதன் ஆக்கியவை என்று சேர் குறிப்புச் சொல்லிக்கொண்டிருந்தார். முதல் நாள் நூலகத்தில் வாசித்த துணிவில் நான் எழுந்து, 43 மனிதன் ஆக்கியது என்றேன். "எதிலையிருந்து ஆக்கினவங்கள்?" என்று கேட்டு வெண்கட்டியை நீட்டினார். எனக்குத் தெரியவில்லை. மணி அடிக்கும்வரை வாங்கில் நின்றேன். வகுப்பு முழுவதும் சிரித்தது.

நான் கோபத்தில் அவர் முகத்தைப் பாராமல் திரிந்த அந்த ஒரு வாரமும் சேர் தேடி வாசித்திருக்கிறார். அடுத்த திங்கட்கிழமை ஒரு பாடவேளை முழுவதையும் அதற்கே கொடுத்தார். அமெரிக்காவின் பேர்க்லியில், துகள்முடுக்கியான சைக்ளோட்ரோனில் துகள்கள் தாக்கிய மொலிப்டினம் என்ற உலோகத் தகடொன்று இத்தாலிக்கு அனுப்பப்பட்டதையும், 1937இல் அங்குள்ள பலர்மோவில் விஞ்ஞானிகள் செக்ரேயும் பெரியரும் அதிலிருந்து அந்த மூலகத்தைப் பிரித்ததையும் சொன்னார். அதன் எந்தச் சமதானியும், அதாவது வெவ்வேறு நிறையுள்ள எந்த வகையும், நிலைத்ததன்று. பாதி அழிய எடுக்கும் காலமான அரைவாழ்வு, மிக நீண்டதே ஏறக்குறைய 4 மில்லியன் ஆண்டுகள் என்பதால், 4,500 மில்லியன் ஆண்டு வயதான பூமியில் ஆதியில் இருந்தது முழுவதும் அழிந்துவிட்டது. ஆய்வுகூடத்தில் தொங்கிய ஆவர்த்தன அட்டவணைச் சுவர்ப்படத்தில் 43ஐயும், 1945இல் அணு உலைக் கழிவிலிருந்து பிரிக்கப்பட்ட புரோமித்தியமாகிய 61ஐயும் சிவப்பு மையால் வட்டமிட்டார். பிறகு பென்சிலை எடுத்து, 43இன் வட்டத்துக்குள் 1952, 1962 என்று எழுதினார். முன்னையது செம்பெரு விண்மீன்களின் ஒளியில் அது தென்பட்ட ஆண்டு. பின்னையது, யுரேனியம் தானாகப் பிளவதால் கனிமத்தில் அது அணுவளவு உண்டாவதைக் கண்ட ஆண்டு.

"தம்பி, நான் சொன்னதும் பிழை, நீர் சொன்னதும் முழுக்கச் சரியில்லை" என்று எல்லோர் முன்னாலும் சொன்னார். அத்தனை பெரிய மனம் கொண்ட ஆசிரியரை நான் பிறகு கண்டதில்லை.

1983இல் புறப்பட்டபோது அவருக்குப் பயணம் சொல்லக்கூட நான் போகவில்லை. கடிதமும் எழுதவில்லை. எனக்கு ஏற்றிய தெக்னீசியம் வகை ஆறு மணித்தியாலத்தில் பாதியாகிவிடுமாம். அதனால், தானாகச் சிதைந்து தெக்னீசியமாக மாறும் மொலிப்டினம்-99இலிருந்து அதை அன்றன்று பிரித்தெடுக்கிறார்கள், அதைக் "கறப்பது" என்றே சொல்கிறார்கள். அந்த மொலிப்டினத்தை உலகின் பல நாடுகளுக்கும் நெடுங்காலம் வழங்கியது நான் வாழும் இதே ஒன்ராறியோவின் சோக் ரிவர் அணு உலை. எதிலிருந்து என்று அவர் கேட்டதற்கு இத்தனையையும் எழுத எனக்கு நாற்பது ஆண்டுகள் இருந்தன.

அந்தச் சுவர்ப்படம் இன்னும் ஆய்வுகூடத்தில் தொங்குகிறதா என்று ஊரிலுள்ளவர்கள் எவராவது பார்த்து எழுதுங்கள். பென்சில் எழுத்து அழிந்திருக்கலாம். சிவப்பு வட்டம் இருக்கும்.