கொழுக்கட்டைக்கு எண் கிடைத்தது, ஈக்குக் கிடைக்கவில்லை

பாட்டிக் கதைகளுக்குக் கதைவகை எண் போடும் வேலையில் முதல் கட்டு ஏறக்குறைய முடிந்தது. கொழுக்கட்டைக் கதை கச்சிதமாக உட்கார்ந்துவிட்டது. பெயர் மறந்த ஈ மட்டும் எந்தக் கட்டத்துக்குள்ளும் வர மாட்டேன் என்கிறது.

சுலபமானவற்றைச் சுருக்கமாகச் சொல்லிவிடலாம். காக்கா, நரி, வடை ஏ.டி.யு. 57 (ஏ.டி.யு. என்பது ஆர்னே, தாம்சன், ஊதர் மூவர் பெயரால் வழங்கும் உலகக் கதைவகைப் பட்டியல்). குரங்கும் முதலையும் 91. ஆற்றில் கோடாலியைத் தவறவிட்ட விறகுவெட்டி 729. கீரிப்பிள்ளையை அவசரப்பட்டு அடித்துக் கொன்ற தாய் 178ஏ. வடையைக் காலுக்கடியில் வைத்துக்கொண்டு பாடும் புதுக் காக்கா வந்தாலும் எண் மாறாது, பட்டியலின் 'வேறுபாடு' பத்தியில் (நெடுவரிசையில்) ஒரு வரி போதும்.

நேரம் தின்பது கதையைச் சம்பவம் சம்பவமாக வெட்டும் இடம்தான். ஒலிப்பதிவைக் கேட்டு, யார் என்ன செய்தார், அதனால் என்ன மாறியது என்று ஒரு செயலுக்கு ஒரு வரி எழுத வேண்டும். எதுவும் மாறவில்லை என்றால் அது தனி வரி இல்லை. இது முடியும் வரை கதைகளில் திரும்பத் திரும்ப வரும் சிறு கூறுகளுக்கு எழுத்தும் எண்ணும் கொடுத்த தாம்சனின் கதைக்கூறு அடைவைத் திறக்கவே கூடாது. திறந்து வைத்துக்கொண்டு கேட்டால், அடைவில் இருப்பதுதான் காதில் விழும்.

கொழுக்கட்டைக் கதை இப்படி வெட்டுப்பட்டது: மாமியார் வீட்டில் தின்ற பண்டத்தின் பெயரைக் கேட்டு, மறக்காமலிருக்க வழியெல்லாம் சொல்லிக்கொண்டு வருகிறான் (ஜே 2671.2). வாய்க்காலை 'அத்திரிபாச்சா' என்று தாண்டுகிறான், சொல் மாறிவிடுகிறது (டி 2004.5). பெண்டாட்டியிடம் அத்திரிபாச்சா செய்யச் சொல்கிறான். அவள் விழிக்கிறாள், அடிக்கிறான். வந்து பார்த்தவர் 'கன்னம் கொழுக்கட்டை மாதிரி வீங்கிப்போச்சே' என்கிறார். மொத்தத்தில் 1687, சந்தேகமே இல்லை.

ஆனால் இரண்டாவது கூறில் எனக்கு வழக்கு உண்டு. டி என்பது மந்திர அத்தியாயம். வாய்க்கால் தாண்டுவதில் மந்திரம் எங்கே வந்தது? மறதி சம்பந்தப்பட்ட பலவற்றைத் தாம்சன் அங்கே கொண்டுபோய்க் கொட்டியிருக்கிறார். டி என்ற எழுத்தை மட்டும் வைத்து வடிகட்டினால் நம் மருமகப்பிள்ளை மந்திரவாதிகளோடு போய் நிற்பார். தவிர, டி 2004.5 சொல்வது இடறி விழுந்து மறப்பதை. இடறினால் சொல் காணாமல் போகும், அவ்வளவுதான். இங்கே ஒரு சொல் இன்னொன்றைத் தள்ளிவிட்டு அதன் இடத்தில் உட்கார்கிறது, அந்தத் தப்புச் சொல்தான் பிற்பாதியை நடத்துகிறது. அதனால் எண்ணுக்கு முன்னால் 'ஒப்பு' (இதுவே இல்லை, ஒப்பிட்டுப் பார்க்க) என்று போட்டு வைத்தேன். கன்ன வீக்கத்தையும் அடியையும் தனித்தனி வரியாகவே வையுங்கள். அடியை மழுப்பிச் சொல்லும் வடிவம் வந்தால், வீக்கத்துக்கு அவர்கள் என்ன காரணம் வைத்தார்கள் என்று அப்போதுதான் ஒப்பிட முடியும்.

எக்செலோடு மல்லுக்கட்டுகிறவர்களுக்கு: 57, 1687 எண்ணாகவும் 178ஏ எழுத்தாகவும் பதிவானால், வரிசைப்படுத்தும்போது 178ஏ கடைசிக்குப் போய்விடும். எல்லாமே எழுத்து என்றால் 1687 முதலில், 57 பின்னால். பத்தியை முன்கூட்டியே எழுத்து வடிவத்துக்கு மாற்றிவிட்டு 0057, 0178ஏ என்று நான்கு இலக்கமாக அடியுங்கள். பிறகு மாற்றினால் முன்பூஜ்யம் போனது போனதுதான். கதைக்கூறு எண்ணை எழுத்து, முழு எண், புள்ளிக்குப் பின் வருவது என மூன்று பத்தியாகப் பிரிக்காவிட்டால் .10 வந்து .2க்கு முன்னால் நிற்கும். ஏ.டி.யு.வுக்கு முந்தைய 1961 பதிப்பின் உடுக்குறி (*) எண்களைத் தேடும்போது உடுக்குறிக்கு முன் ஒரு டில்டே (~) போடுங்கள், இல்லையென்றால் பாதிப் பட்டியல் சிக்கும்.

இனி ஈ. வீடு மெழுகும்போது பெயரை மறந்துவிட்டு, 'கொழு கொழு கன்றே, கன்றின் தாயே, தாயை மேய்க்கும் ஆயா, ஆயன் கைக் கோலே' என்று கேட்டுக்கொண்டே போகிறது. மரம், கொக்கு, குளம், மீன், வலையன், சட்டி, குயவன், மண், புல், குதிரை. கடைசியில் குதிரை கனைக்க, விடை கிடைக்கிறது. அடுக்குக் கதை என்பதால் 2000க்கு மேலே தேட வேண்டும். பக்கத்தில் நிற்பது 2030, கிழவியும் பன்றியும். ஆனால் அதில் ஒவ்வொருவரும் மறுக்கிறார்கள், ஒருவர் இசைந்ததும் சங்கிலி பின்னோக்கி அவிழ்கிறது. ஈ கதையில் யாரும் மறுக்கவில்லை, எதுவும் அவிழவில்லை, தெரியாது என்பதோடு சரி. உறுப்புகள் ஒன்றையொன்று சார்ந்த சங்கிலி இசட் 40, சாராதது இசட் 30. ஈ கதையில் செயலில் சார்பு இல்லை, ஒன்றை வைத்து இன்னொன்றை அழைக்கும் விளிப்பில் முழுச் சார்பு. சட்டி விட்டுப்போனால் வலையனிடமிருந்து குயவனுக்குப் போக வழியே கிடையாது. சொல்பவர் அங்கே நின்று, மறுபடி கன்றிலிருந்து ஆரம்பிப்பார். அந்தத் தடுமாற்றத்தைப் பதிவிலிருந்து நறுக்கிவிடாதீர்கள், சார்புக்கு அதுதான் சாட்சி.

இப்போதைக்கு அடுக்குக் கதைகளுக்குப் பொதுவான இசட் 20 போட்டு, வகை எண்ணைக் காலியாக விட்டிருக்கிறேன். பக்கத்து எண்ணை ஒட்டவைப்பது காலிக் கட்டத்தைவிட மோசம். தாம்சனும் ராபர்ட்ஸும் 1960இல் தந்த இந்தியப் பட்டியலையும், அதற்கு ஹெடா ஜேசன் 1989இல் எழுதிய துணைத்தொகுதியையும் வரி வரியாகப் பார்க்க வேண்டியிருக்கிறது. பின்லாந்திலிருந்து வருகிற இந்த வரிசையைக் காசு கொடுத்து வாங்குவது நம் பைக்கு ஆகாது, நூலகம்தான் கதி.

அதற்குள் அடுத்த கட்டுக்குக் கை அரிக்கிறது: பெரிய எழுத்துக் கதைப் புத்தகங்கள், அதாவது பெரிய அச்சில் வந்த பழைய மலிவுப் பதிப்புகள். தரமணி ரோஜா முத்தையா நூலகத்தில் உட்கார்ந்தால் தீனிக்குக் குறைவிருக்காது. ஆனால் கதைக்குள் கதை வரும்போது வெளிச்சட்டத்துக்கு ஓர் எண், உள்கதைகளுக்குத் தனி எண் என்று பட்டியலையே மாற்றிக் கட்ட வேண்டும்.

புதிதாகப் பதிவு செய்யப் போகிறவர்களுக்கு ஒன்று. 'உம்' கொட்ட ஒரு ஆளை எதிரே உட்கார வையுங்கள், ஆள் இல்லையென்றால் சொல்பவர் கதையைச் சுருக்கிவிடுவார். ஒலிவாங்கி சொல்பவர் பக்கமே இருக்கட்டும். ஒலிப்பதிவுக்கு எழுத்துக் குறிப்பு சேர்க்கும் ஈலான் மென்பொருளில் 'உம்' தனி அடுக்கில் போகட்டும். 48 கிலோஹெர்ட்ஸ், 24 பிட், ஸ்டீரியோ என்றால் மணிக்கு ஒரு ஜிபிக்குச் சற்று மேலே பிடிக்கும், அட்டையைக் காலி செய்துகொண்டு கிளம்புங்கள்.